சீராளன் என்னும் பிள்ளைப்பெயர்

பிறந்த மகவுக்குப் பெயரிடும்பொழுது, தாய் தந்தையர் தம் நெஞ்சில் நிறைந்திருப்பது யாதோ அதனையே பெயராக்கி வைப்பர். பாட்டன் பெயரைப் பெயரனுக்கு இடுதல் தமிழ்நாட்டின் தொல்வழக்கு. பேரன் என்னும் முறைப்பெயரே அவ்வழக்கின்கண் தோன்றியதென்பது அறிஞர் பலர்க்கும் உடன்பாடு. குலதெய்வத்தின் பெயரையும், ஊர்க்கோயிலில் எழுந்தருளிய பெருமான் பெயரையும், நாயன்மார் திருப்பெயர்களையும் இடுதல் சைவ நன்மக்கள் இல்லங்களில் வழிவழி வந்த ஒழுக்கம். இக்காலத்திலோ, பெயர் புதியதாதல் வேண்டும், சில எழுத்துக்களில் அடங்குதல் வேண்டும், அயல்நாட்டார் நாவிற்கும் எளிதாதல் வேண்டும் என்னும் விருப்பங்கள் முன்னிற்கின்றன. இவை இகழத்தக்கன அல்ல. பெயர் என்பது அழைத்தற்கு உரியதாகலின், அழைப்பார் நாவிற்கு இசைந்திருத்தலே அதற்கு முதலிலக்கணம். எண்கணிதம் பார்ப்பார் சொற்கேட்டு ஆங்கில எழுத்துக்களை ஒன்றுக்கு இரண்டாகப் பெருக்கி எழுதுவாரைக் காணின் மாத்திரம் எமக்கு நகை வருவதுண்டு. அஃது ஈண்டைக்கு வேண்டா.

சில திங்கட்கு முன், எமக்கு நன்கு அறிமுகமான இளைஞர் ஒருவர் தம் தலைமகனுக்குச் 'சீராளன்' என்று பெயரிட விரும்பி, அதன் பொருளையும் வரலாற்றையும் வினவி வந்தனர். பிள்ளைப்பெயர்த் திரட்டொன்றில் அப்பெயரைக் கண்டாராம். 'சிறப்புடையவன்' என்று ஆண்டுப் பொருள் எழுதியிருந்ததாம். தூய தமிழாயும், நான்கெழுத்தினதாயும், வடவெழுத்துக் கலவாததாயும் இருத்தலின் அவர்க்கும் அவர் மனைவியார்க்கும் அது பெரிதும் உவப்பாயிற்று. தடை, அவ்விளைஞரின் அன்னையாரிடத்திருந்து வந்தது. "அறுத்துக் கறி சமைத்த பிள்ளையின் பெயரையா என் பேரனுக்கு வைப்பது?" என்று அவ்வம்மையார் கேட்டனராம். மகனார்க்கு விடை தோன்றவில்லை. யாமும் அன்று உடனே விடை கூறினேமல்லேம். அம்மையார் திங்கள்தோறும் திருவாதிரையில் விரதம் நோற்பவர்; பெரியபுராணத்தைப் பலகாலும் கேட்டவர். அவரது அச்சம் அறியாமையின் பாற்பட்டதென்று தள்ளிவிடுதல் பொருந்தாது. ஆதலின் அப்பெயர் வந்த வழியை எமக்கு எட்டியவளவில் ஆராய்ந்து ஈண்டு எழுதலுற்றேம்.

முதற்கண் சொற்பொருளை நோக்குவாம். சீர் என்பதனோடு ஆளன் என்னும் ஈறு புணர்ந்து சீராளன் என்றாயிற்று. பண்பாளன், தாளாளன், மணவாளன் என்புழிப்போல, ஆளன் என்பது உடையான் என்றும் ஆள்வான் என்றும் பொருள்படும். சீர் என்னுஞ் சொல்லோ பல்பொருள் ஒருசொல். சிறப்பு, செல்வம், புகழ், அழகு என்பன ஒருபால். தாளவொழுங்கும் செய்யுளுறுப்பும் மற்றொருபால். நிறை பார்த்தலைச் சீர்தூக்குதல் என்பதனால் நடுவுநிலையும் அதன்கண் அடங்கும். ஆகவே திரட்டுக்காரர் எழுதிய 'சிறப்புடையவன்' என்பது தவறன்று. எனினும் அது குறைந்த உரை. சீராளனைத் திருவாளன் என்பதனோடு ஒப்பவைத்து நோக்குவார்க்குச் செல்வமுடைமையும், சீர்மை என்பதனோடு ஒப்பவைப்பார்க்கு ஒழுங்குடைமையும் தோன்றும். ஒரு குழவிக்கு இவற்றினும் மிக்க வாழ்த்து வேறென் வேண்டும்?

சேக்கிழார் பெருமான் இப்பிள்ளையைச் சீராளதேவர் என்று வழங்குவர். தேவர் என்னும் உயர்வுச்சொல் நீங்கிச் சீராளன் என நின்றதே இக்காலத்து வழங்கும் வடிவம். இச்சுருக்கம் புதியதென்று பலரும் கருதுப. அஃது அங்ஙனமன்று என்பதனைப் பின்னர்க் காட்டுதும்.

வரலாறு சைவர் அறிந்ததேயாயினும், பெயரைப் பற்றிய அளவில் சிலவற்றை நினைவுகூர்தல் வேண்டும். சிறுத்தொண்டர்க்கு இயற்பெயர் பரஞ்சோதியார். மன்னனது படைத்தலைவராய் வாதாபி சென்று அத்தொன்னகரைத் துகளாக்கி மீண்டவர். மன்னன் பெயரைச் சேக்கிழார் கூறிற்றிலர். வாதாபி வீழ்ந்தது கி.பி. 642-ஆம் ஆண்டிலாகலின் அவன் முதலாம் நரசிங்கவர்மப் பல்லவனே என்று வரலாற்றாசிரியர் துணிந்தனர். இவர் சிவனடியார் என்பதை உணர்ந்த மன்னன், இவரைப் போருக்கு அனுப்பியதற்கு வருந்தி, நிதியம் பல நல்கி விடைகொடுத்தான். அதன்பின் தம் ஊராகிய திருச்செங்காட்டங்குடியில் திருவெண்காட்டு நங்கையாருடன் இல்லறம் பூண்டு, நாடோறும் அடியார்க்கு அமுதூட்டிய பின்னரே தாம் உண்ணும் நோன்பினை மேற்கொண்டனர். அவர்க்குப் பிறந்த ஒரே மகனார் சீராளதேவர். திருஞானசம்பந்தப்பிள்ளையார் அவ்வூருக்கு எழுந்தருளியபொழுது பாடிய பதிகத்தில் சிறுத்தொண்டரது தொண்டினைச் சிறப்பித்துள்ளமையால், இவர்கள் ஒரு காலத்தவர் என்பதும் தெளிவு.

இனித் தஞ்சைக்குச் செல்வாம். இராசராசப் பெருவேந்தன் எடுப்பித்த பெரிய கோயிலில் அடியார் படிமங்கள் எழுந்தருளுவிக்கப்பெற்ற செய்தி அக்கோயிற் கல்வெட்டுக்களிற் காணப்படுகின்றது. அவற்றுள் வயிரவர், சிறுத்தொண்ட நம்பி, திருவெண்காட்டு நங்கை, சீராளதேவர் என்னும் நால்வர் திருமேனிகளும் உள்ளன. இது பதினோராம் நூற்றாண்டின் தொடக்கம். சேக்கிழார் பெரியபுராணம் அருளியது அதற்கு ஒரு நூற்றாண்டிற்குப் பின்னராகும். காப்பியம் தோன்றுமுன்னரே இக்குடும்பத்தார் செப்புத்திருமேனியாக வழிபடப்பெற்றனர் என்பதும், அவ்வழிபாட்டில் பிள்ளைக்கும் ஓர் இடம் இருந்ததென்பதும் இதனாற் பெறப்படும்.

இதனினும் எம்மை வியப்பித்தது வேறொரு கல்வெட்டு. பெரிய கோயிலில் திருப்பதியம் விண்ணப்பஞ் செய்யப் பிடாரர் 48 பேரையும், உடுக்கை வாசிப்பான் ஒருவனையும், கொட்டிமத்தளம் வாசிப்பான் ஒருவனையும் அரசன் நியமித்து, ஒவ்வொருவர்க்கும் நாளொன்றுக்கு முக்குறுணி நெல் நிவந்தமளித்தான். ஐம்பதின்மர் பெயரும் அங்கே வெட்டப்பட்டுள்ளன. அப்பெயர்வரிசையை ஒருமுறை படிப்பவர் மறுமுறை படியாது விடார். சீருடைக்கழல் என்றொருவன், மழலைச்சிலம்பு என்றொருவன், பெண்ணோர்பாகன் என்றொருவன், திருநாவுக்கரையன் என்போரும் உளர். தம் மைந்தர்க்கு மழலைச்சிலம்பு என்று பெயரிட்ட அக்காலத்துத் தாய்மாரை நினைக்குந்தோறும், இன்று புதுப்பெயர் தேடி அலையும் நம்மவர் மீது எமக்கு இரக்கமே மிகுகின்றது. அவ்வரிசையில்தான், 'ஐஞ்ஞூற்றுவன் சீராளனான வாமசிவன்' என்று ஒருவன் குறிக்கப்பட்டுள்ளான்.

இப்பெயரைச் சிறிது விரித்து நோக்குதல் பயனுடைத்து. ஐஞ்ஞூற்றுவன் என்பது தந்தை பெயர். சீராளன் என்பது வீட்டில் இட்ட பெயர். வாமசிவன் என்பது தீக்கையிற் பெற்ற பெயர். ஆகம முறைப்படி, தீக்கை பெறுவான் கண்கட்டப்பட்ட நிலையில் மண்டலத்தின்மீது மலர் தூவ, அம்மலர் எம்மந்திரத்தின் இடத்தில் விழுந்ததோ அம்மந்திரத்தின் பெயரோடு சிவன் என்பது கூட்டிக் குரவர் பெயரிடுவர். மலர் வாமதேவத்தில் விழுந்தமையின் இவன் வாமசிவன் ஆயினான். அதே வரிசையில் இருதயசிவன், நேத்திரசிவன், சிகாசிவன் என்று வருவனவும் அங்கமந்திரங்களால் ஆகியவையே. ஆக, குரவர் அளித்த பெயரைப் பெற்ற பின்னரும் வீட்டுப்பெயர் கழிந்துபோகவில்லை. கல்லில் அதுவே முன்னும் நிற்கின்றது. தேவர் என்னும் ஒட்டின்றி, இன்று அவ்விளைஞர் விரும்பிய வடிவிலேயே, ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகட்கு முன்னர்ச் சீராளன் என்று ஒரு பிள்ளைக்குப் பெயரிட்டழைத்தனர் என்பதற்கு இக்கல்லே கரி. அப்பிள்ளையைப் பெற்றவரும் அறுக்கப்பட்ட மைந்தனது கதையை அறியாதவரல்லர். அவன் தேவாரம் பாடுவோனாக வளர்ந்தமையே அவர் குடியின் இயல்பைக் காட்டும். அறிந்தே இட்டனர்.

பெயர் தமிழ்நாட்டெல்லையோடு நின்றதுமன்று. பன்னிரண்டாம் நூற்றாண்டில் கருநாடகத்துச் சரணராகிய பசவண்ணர் தம் வசனங்களிற் சிரியாளனைப் போற்றுகின்றனர். ஆண்டு ஒரு மாற்றம் நிகழ்ந்தது. பிள்ளையின் பெயர் தந்தையின்மேல் ஏறிற்று. சிறுத்தொண்டரே சிரியாள செட்டி எனப்பட்டார், பிள்ளை சீலாளன் என்றாயினான். கன்னடத்தில் சிரி என்பது திருவைக் குறிக்கும் சொல்லாகலின், வணிகர்க்கு அப்பெயர் பொருத்தமாகத் தோன்றியது போலும். தெலுங்கிற் பாலகுரிகி சோமநாதர் பசவபுராணத்தில் இவ்வரலாற்றைப் பாடினர். பின்னர்ச் சீநாதர் அரவிலாசத்தில் சிறுதொண்டநம்பி என்னும் தமிழ்ப்பெயரைப் பெரும்பாலும் காத்து, மகனைச் சிரியாளன் என்றே வழங்கினர். மராட்டியத்தில் சீதரசுவாமி என்பார் 1718-ஆம் ஆண்டில் இயற்றிய சிவலீலாமிர்தத்தில் தந்தை சிரியாளன், தாய் சாங்குணை, மகன் சிலயா. ஆங்குள்ள தாய்மார் சிலயா பாளன் என்று செல்லமாகக் கூறுவர். காவிரிக்கரைச் சிற்றூரொன்றின் பிள்ளைப்பெயர் நாவுக்கு நா உருமாறி நருமதைக்கு அணித்தாகச் சென்று சேர்ந்தது. வேறு எந்த நாயனாரின் மகனுக்கும் இப்பேறு வாய்த்ததாக யாம் அறியேம்.

இருபதாம் நூற்றாண்டில் பெயர்கள் மற்றொரு வகையில் மாறின. 1916-ஆம் ஆண்டளவில் எழுந்த தனித்தமிழ் இயக்கத்தின் முதல்வர் மறைமலையடிகள், வேதாசலம் என்னும் தம் இயற்பெயரை மாற்றியதோடு அமையாது, தம் மக்கள் பெயர்களையும் தமிழாக்கினர். திருஞானசம்பந்தன் அறிவுத்தொடர்பு ஆயினர். மாணிக்கவாசகன் மணிமொழி ஆயினர். சுந்தரமூர்த்தி அழகுரு ஆயினர். திரிபுரசுந்தரி முந்நகரழகி ஆயினர். அடிகளது தமிழ்ப்பற்றையும் சைவப்பற்றையும் ஐயுறுவார் இலர். அவர் வழிவந்தோர் இட்ட நல்ல தமிழ்ப்பெயர்கள் இன்று வீடுதோறும் ஒலிக்கின்றன, அந்நன்றி மறத்தற்பாலதன்று. ஆயினும் எம் கருத்தொன்றை ஒளியாது கூறுதல் வேண்டும். அறிவுத்தொடர்பு என்னுஞ் சொல்லில் ஞானசம்பந்தன் என்பதன் பொருள் முற்றும் உளது. சீகாழித் தீர்த்தக்கரையில் அழுத குழவி மாத்திரம் இல்லை. சொல்லின் பொருளைப் பெயர்த்து மற்றொரு சொல்லில் வைக்கலாம். அச்சொல்லை அழைத்தவர் குரலைப் பெயர்த்தல் இயலாது. சீராளன் என்பதோ பெயர்க்க வேண்டாது முன்னரே தமிழாய் நின்றது. புதுமை வேட்டார்க்கும் தமிழ் வேட்டார்க்கும் தொன்மை வேட்டார்க்கும் ஒருங்கே இசைந்த பெயர் இதுபோல் மிகுதியாய்க் கிடைப்பதன்று.

அற்றேல், அம்மையாரது வினாவிற்கு விடை யாது? பெயர் பழையது, பரவியது, தமிழானது என்பன அவர் அச்சத்தைத் தீர்க்கமாட்டா. அவர் கேட்டது கொலையைப் பற்றி.

சிறுத்தொண்டர் செய்கையை எளிதிற் கொள்ளுமாறு சைவநூல்கள் யாண்டும் கூறவில்லை. திருக்கடவூர் உய்யவந்ததேவ நாயனார் திருக்களிற்றுப்படியாரில் சிவபுண்ணியத்தை மெல்வினை, வல்வினை என இருவகைப்படுத்தி, வயிரவர்க்குக் கறியாக்கிய இதனை வல்வினையின்பால் வைத்தனர். வல்வினையாவது உலகத்தார் ஆற்றுதற்கரியது. பிறர் பின்பற்றுமாறு விதிக்கப்படாதது. பட்டினத்தடிகளும் தம்மால் ஆகாதவற்றை எண்ணிக் கூறுமிடத்து மகவை அரிந்தூட்டியதனையே முதற்கண் வைத்தனர். அத்துணைத் துறவியே தம்மால் ஆகாதென்று கூறியதை, இல்லத்தில் பேரனை மடியில் வைத்திருக்கும் ஒருவர் நினைத்து நடுங்குவதில் குற்றம் யாதுளது? நடுங்காதாரைக் கண்டாலன்றோ யாம் அஞ்சுதல் வேண்டும்.

ஆயினும் பெயர் கதையின் எவ்விடத்தில் ஒலிக்கின்றது என்பதை அவர் ஓர்ந்து பார்த்திலர். வயிரவர் வேண்டியவாறு ஐந்து வயதுடைய ஒரே மைந்தனைத் தாய் பிடிக்கத் தந்தை அரிந்து கறி சமைத்தாயிற்று. விருந்தினர் தனித்துண்ணேன் என்கின்றார்; உடன் உண்ண உம் மகனை அழையும் என்கின்றார். இப்பொழுது அவன் உதவான் என்று சொல்லியும் அவர் விடுவதாக இல்லை. கணவனும் மனைவியும் வாயிற்புறம் வருகின்றனர். இவ்விடத்துச் சேக்கிழார் வைத்த நுட்பம் ஒன்றுண்டு. தந்தையார் மைந்தன் என்னும் முறைச்சொல்லால் அழைத்து அமைகின்றார். அவர்க்குப் பெயர் வாயில் வந்திலது. மணியே என்று கொஞ்சி, பெயரைச் சொல்லி, வா என்று ஓலமிடுபவர் திருவெண்காட்டு நங்கையார். வாரான் என்பதைத் தம் கைகளால் அறிந்த ஒரு தாய் அப்பெயரைச் சொல்லி அழைக்கின்றார். பள்ளியினின்று ஓடிவரும் பிள்ளையைப்போல மகன் ஓடிவருகின்றான். எடுத்தணைத்துக்கொண்டு உள்ளே சென்று பார்க்க, வயிரவரும் இல்லை. கலத்திற் கறியும் இல்லை. இறைவன் உமையம்மையோடும் முருகவேளாகிய தம் மகவோடும் விடைமேல் தோன்றினான் என்பர் சேக்கிழார். மகவைக் கேட்டவன் மகவுடையானாகவே காட்சி தந்தான்.

ஆகவே சீராளன் என்னும் பெயர் அரிவாளின் அருகில் ஒலித்த பெயரன்று. வாயிற்படியில் ஒலித்த பெயர். போன பிள்ளையைத் தாய் அழைத்த சொல் அது. அப்பிள்ளை கேட்டுவந்த சொல்லும் அதுவே. இவ்வளவில் யாம் கூறுவது எமது சொந்தக் கருத்தென்று ஒருவர் மறுத்தல் கூடும். திருமருகலுக்கு அணித்தாய திருச்செங்காட்டங்குடிக்குச் சித்திரைப் பரணியில் ஒருமுறை சென்று வருமாறு அவரை வேண்டுகின்றேம். கணபதீச்சரத்தில் உத்தராபதியார்க்கு அமுதுபடையல் நிகழும் நாள் அது. மாவும் பருப்பும் மருந்துப்பண்டங்களும் கொண்டு சமைத்த மரக்கறியையே பிள்ளைக்கறி என்னும் பெயரால் நிவேதித்து வழங்குவர். அதனை ஏந்திய கையராய் நிற்பவர் யாவர்? மகப்பேறு வாயாத மனைவியரும் அவர்தம் கணவருமே. ஒரு பிள்ளை மாண்டதென்று மட்டும் நம் மக்கள் அக்கதையைக் கருதியிருப்பின், பிள்ளை வேண்டி அவ்வூரை நாடுவார்களோ? ஏட்டைப் படியாத பெண்டிரும் அக்கதையின் முடிவு எது என்பதில் பிழைபட்டிலர்.

இவற்றையெல்லாம் ஒரு கடிதத்தில் எழுதி அவ்விளைஞர்க்கு விடுத்தேம். அன்னையார்க்குப் படித்துக்காட்டுமாறும், அவர் அதன் பின்னும் உடன்படாராயின் வற்புறுத்தற்க என்றும் அதன் ஈற்றிற் குறித்தேம். பாட்டியின் மனம் நொந்திருக்கப் பெயரனுக்கு இடும் பெயரில் சீர் எங்ஙனம் நிற்கும்? இருபது நாள் கழித்து விடை வந்தது. கடிதத்தை இருமுறை படிக்கக் கேட்டனராம் அம்மையார். தாயார்தாம் பெயர் சொல்லி அழைத்தவர் என்னும் இடம் வந்தபொழுது, புராணப் புத்தகத்தை எடுத்துவரச் சொல்லி அப்பாட்டைத் தாமே படித்துப் பார்த்தனராம். பின்பு ஒன்றும் கூறாது எழுந்து அடுக்களைக்குச் சென்றுவிட்டனராம். மறுவாரம் நாமகரணம் நிகழ்ந்தது. குழந்தையின் செவியில் மும்முறை பெயர் ஓதும் முறைமையை அவரே முன்வந்து செய்தனர் என்றும், ஆயினும் வீட்டில் அவர் மட்டும் இன்றளவும் 'ராசா' என்றே அழைத்து வருகின்றனர் என்றும் அவ்விளைஞர் எழுதியுள்ளார்.